பச்சை வராத இடம்

கொலை நடந்ததாகச் சொன்ன வீட்டில் தக்காளி நன்றாகக் காய்த்திருந்தது.

"உரம் பலமோ?" என்றார் சித்தப்பா.

"போலீஸ் தோண்டிப் பாத்துட்டாங்க. ஒண்ணும் இல்ல. மெதுவாப் பேசுங்க, அந்தம்மா வர்றாங்க" என்றாள் முதலாளி.

முதலாளி என்பது சித்தப்பா வைத்த பெயர். இன்சூரன்ஸ் கம்பெனியில் பொய் விபத்துகளைக் கண்டுபிடிக்கும் வேலையை விட்டுவிட்டு அவள் துப்பறியும் ஆபீஸ் திறந்தபோது, சம்பளத்துக்கு வந்த ஒரே ஆள் அவர். அப்பாவின் கடைசித் தம்பி. அவளைவிடக் கொஞ்சம்தான் மூத்தவர். ஊரில் யாரும் அவளை வேறு பெயர் சொல்லி அழைப்பதில்லை.

தண்ணீர் லாரி ஓட்டுகிறவனின் வீடு அது. தெருவின் கடைசி வீடு. பின்னால் மணலும் கல்லும், தூரத்தில் ஒரு சாலையும். போன வாரம் ஒரு காலையில் அவன் மனைவியைக் காணவில்லை. முந்தின இரவு சண்டைச் சத்தம் கேட்டதாக எதிர் குடோன் காவலாளி சொன்னான். இரவு முழுக்க வாசலுக்கு நேராக நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தவன் அவன். அவள் வெளியே வரவில்லை. விடிந்த பிறகு லாரி மட்டும் போயிற்று. வீட்டுக்குப் பின்வாசல் கிடையாது. கொல்லையைச் சுற்றி ஆள் உயர முள்வேலி. டிரைவரின் கைகளில் கீறல்.

இன்ஸ்பெக்டருக்கு அது போதுமாக இருந்தது. கொன்று, லாரித் தொட்டியில் போட்டு, எங்கேயோ மணலில் தள்ளிவிட்டான். டிரைவர் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. விசாரணை என்று லாக்கப்பிலேயே வைத்திருந்தார்கள்; நாளைக் காலைதான் கைது காட்டிக் கோர்ட்டுக்குக் கொண்டுபோகிறார்கள்.

டிரைவரின் அக்கா சமையலறை வழியாகக் கொல்லைக்கு வந்தாள். சலவைக் கடை வைத்திருப்பவள். விரல்நுனிகள் வெளுத்துச் சுருங்கியிருந்தன. முதலாளியைத் தேடி வந்து கேஸைக் கொடுத்தது அவள்தான். கொடுத்தபோதும் அழவில்லை. இப்போதும் அழவில்லை. தோளில் கிடந்த துணியை எடுத்து நாலாக மடித்தாள். விரித்தாள். மறுபடி மடித்தாள்.

"என் தம்பி கோவக்காரன்தான். ஆனா கொல்ற அளவுக்கு எல்லாம் இல்ல" என்றாள்.

"எந்த அளவுக்கு?"

"கத்துவான். ரெண்டு நாள் பேசமாட்டான். அவளை வெளிய விடமாட்டான். கடைக்குப் போனாக்கூட யாரைப் பாத்தே, என்ன பேசினேன்னு கேப்பான்." துணியை மடித்தாள். "மத்தபடி நல்லவன்."

சித்தப்பா வாயைத் திறந்தார். முதலாளி பார்த்தாள். மூடிக்கொண்டார்.

கூரை நிழலில் நான்கு செங்கல் மேல் ஒரு மரக்கதவு படுத்திருந்தது. நிலை இல்லை. கீல் மட்டும் மாட்டியிருந்தது. அதன்மேல் சின்னச் சின்ன சிவப்புப் பழங்கள் பரப்பிக் காயவைத்திருந்தன. சுருங்கிப்போய் மிளகு மாதிரி ஆகிவிட்டிருந்தன.

"இது என்ன பழம்?"

"வேலிப் பழம். வறட்டுமுள்ளுன்னு சொல்லுவோம். கத்தரிக்காய், தக்காளி வகையைச் சேந்ததாம். அவதான் சொல்லுவா."

"பாருங்க முதலாளி, ஒரே குடும்பம். ஒண்ணு சட்டிக்குப் போகுது, ஒண்ணு வேலிக்கு நிக்குது" என்றார் சித்தப்பா. "நம்ம வீட்ல எங்கண்ணன் தக்காளி. நான் வேலி."

"நீங்க சம்பளத்துக்கு நிக்கிற வேலி. போய் அந்த வேலியைப் பாருங்க."

அவர் இடுப்பில் கைவைத்து, கொல்லையின் ஒரு மூலையிலிருந்து மறு மூலைவரை தலையைத் திருப்பினார். வேலி தளிர்த்திருந்தது. விரல்நகத்தில் பாதிகூட இல்லாத இலைகள், தடித்து, முள்ளோடு முள்ளாக ஒட்டிக்கொண்டு.

"பச்சை" என்றார். "பச்சை. பச்சை. குச்சி. பச்சை. பச்சை."

"திரும்பச் சொல்லுங்க."

"பச்சைல ஆரம்பிக்கவா?"

"குச்சியில."

பின்பக்க வேலியின் நடுவில், ஓர் ஆள் நுழையும் அகலத்துக்கு, இலையே இல்லை. சாம்பல் நிறக் குச்சிகள். இரண்டு பக்கமும் செடி பச்சையாக நின்றதால் அந்த இடம் பல் விழுந்த வாய் போலத் தெரிந்தது.

"போலீஸ் வந்தப்போ வேலி எப்படி இருந்துச்சு?" என்று டிரைவரின் அக்காவிடம் கேட்டாள்.

"மொத்தமும் குச்சிதான். தண்ணி இல்லாட்டி இலையைக் கொட்டிரும். செத்த மாதிரி நிக்கும். அவனைக் கூட்டிட்டுப் போன மறுநாள்தான் மழை பேஞ்சுது. ஒரு மழை போதும், சட்டுனு துளிர்த்துரும்." குச்சியைப் பார்த்தாள். "அந்த ஒண்ணு மட்டும் நிஜமாவே செத்துடுச்சு போல."

"செத்தது எது, செத்த மாதிரி இருக்கறது எதுன்னு மழைக்கு முன்னாடி பாத்திருந்தா நமக்கும் தெரிஞ்சிருக்காது" என்றாள் முதலாளி. "சித்தப்பா, அதுல ஒரு குச்சியை இழுங்க."

"ஏன், உங்களுக்குக் கை இல்லையா?"

"சம்பளம் யாருக்கு?"

அவர் இழுத்தார். முதல் வரிசையில் குச்சிகள் நட்டமாக நின்றன. ஒன்று கையோடு வந்தது. அடியில் ஈர மண் ஒட்டியிருந்தது. அடிநுனி கத்தியால் சாய்வாகச் சீவப்பட்டிருந்தது. முதலாளி அதை வாங்கி வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். ஒரு கணுவில் ஊசிமுனை அளவுக்குப் பச்சை. அதைத் திரும்ப மண்ணில் ஊன்றினாள்.

"என்ன அது?"

"அப்புறம். அதுக்குப் பின்னாடி என்ன இருக்கு?"

சித்தப்பா குனிந்து பார்த்தார். நட்ட குச்சிகளுக்குப் பின்னால் ஒரு முழுச் செடி படுத்துக் கிடந்தது. உலர்ந்து, கிளைகள் எல்லாம் கொல்லைப் பக்கம் நீட்டிக்கொண்டு. பக்கத்தில் தரையோடு வெட்டிய அடிக்கட்டை. அரிவாள் வெட்டு. பழக்கமில்லாத கை. பல இடத்தில் கொத்தியிருந்தது.

"தண்டு எங்க?"

"தெரியல. அந்தப் பக்கமா இருக்கு. இந்தப் பக்கம் முள்ளுதான் இருக்கு. எனக்குன்னு."

முதலாளி கொல்லை மூலையில் கிடந்த ஒரு பெரிய முள்கிளையைக் காலால் தள்ளினாள். "ஒரு வேலை செய்யுங்க. அந்த ரெண்டு செடிக்கு நடுவுல இதை வெச்சு அடைங்க."

"முள்ளை வெச்சு எதை அடைக்கறது?"

"ஆடு வருதுன்னு வெச்சுக்கோங்க."

அவர் கிளையின் தண்டைப் பிடித்துத் தூக்கினார். கிளைப்பகுதியை முன்னால் நீட்டித் தள்ளினார். சிக்கியது. உதறினார், இழுத்தார், மறுபடி தள்ளினார். புறங்கையில் இரண்டு கோடு சிவந்தது. தண்டு அவர் கையில் இருந்தது.

"முடிஞ்சுது. நீங்க எந்தப் பக்கம் நிக்கிறீங்க?"

"ரத்தம் வர்ற பக்கம்."

"தண்டு எந்தப் பக்கம்?"

அவர் கையைப் பார்த்தார். "என் பக்கம்" என்றார். பிறகு படுத்துக் கிடந்த செடியைப் பார்த்தார். "அதோட தண்டு வெளிய இருக்கு."

"முள்ளை யாரும் முள்ளுப் பக்கமாப் பிடிக்கமாட்டாங்க. அடைச்ச ஆள் வெளிய நின்னு அடைச்சிருக்காங்க."

"வெளியிலேருந்து வந்த திருடனா இருக்கலாமே. வந்தான், கொன்னான், போனான், போறப்ப அடைச்சான்."

"வெட்டினது உள்ள இருந்து. அடிக்கட்டையைப் பாருங்க, கொத்து எல்லாம் இந்தப் பக்கம். அதோட, கொன்னுட்டு ஓடறவன் வேலி அடைப்பானா?"

"மரியாதை தெரிஞ்ச திருடன்."

"தக்காளி தெரிஞ்ச ஆளு" என்றாள் முதலாளி.

டிரைவரின் அக்கா துணியை மடிப்பதை நிறுத்தியிருந்தாள். "பின்னாடி ஆடு மேயும். ஒரு தடவை முன் கேட் வழியா வந்து எல்லாத்தையும் கடிச்சுருச்சு. அன்னிக்கு அவ சாப்பிடவே இல்ல" என்றாள். குரலில் ஏற்ற இறக்கம் இல்லை. "அப்போ அவ உயிரோட இருக்காளா?"

"இந்த வேலியைத் தாண்டினவரைக்கும் இருந்தாங்க."

வேலியின் மறுபக்கம் போக, வாசல் வழியாக இறங்கி, தெருவைச் சுற்றி, தெரு முடியும் இடத்தில் இருந்த நீளமான சுவரையும் கடக்க வேண்டியிருந்தது. சித்தப்பா நடையை எண்ணிச் சலித்துக்கொண்டார். "ஒரு கதவு வெச்சிருந்தா ரெண்டு எட்டு."

மறுபக்கம் அப்படியே இருந்தது. தடித்த தண்டு வெளியே நீட்டிக்கொண்டு கிடந்தது. அதன் பக்கத்தில் ஆட்டுப் புழுக்கை. ஆடு முட்டிப் பார்த்துவிட்டுப் போயிருந்தது. மழை கால்தடங்களை அழித்துவிட்டது. முதலாளி தண்டின் அருகே குனிந்து, வேலிக்கு முதுகைக் காட்டி நின்று பார்த்தாள். நேர் எதிரே சாலை. சாலையில் ஒரு பஸ் நிறுத்தம். அதன் பக்கத்தில் பச்சை பெயின்ட் அடித்த ஒரு சின்ன கிளினிக்.

"இருட்டுல இந்த ஓட்டை வழியா வந்தா உடம்பு என்ன ஆகும்?" என்றாள்.

சித்தப்பா புறங்கையை நக்கிக்கொண்டிருந்தார். "இது ரெண்டு கீறல். அது இருபது."

"உங்களுக்கு இப்போ ஒரு ஊசி போட்டுக்கலாம்."

"வேணாம்."

"போட்டுக்கறீங்க."

கிளினிக்கில் டாக்டர் இல்லை. நர்ஸ் இருந்தாள். கனத்த உடம்பு, மெல்லிய குரல். சித்தப்பாவின் கையைத் திருப்பிப் பார்த்தாள்.

"வறட்டுமுள்ளு."

"பாத்ததுமே சொல்றீங்க" என்றாள் முதலாளி.

"ரெண்டு ரெண்டு கோடா, மேலோட்டமா இருக்கும். ஆனா முனை உள்ள ஒடிஞ்சு நிக்கும். எடுக்கலைன்னா வீங்கும்." ஊசியை எடுத்தாள். "சட்டையை ஏத்துங்க."

"இடுப்புலயா?"

"கையில. ஆசைப்படாதீங்க."

சித்தப்பா கண்ணை மூடிக்கொண்டார். முதலாளி செல்போனில் ஒரு படத்தை எடுத்து மேஜைமேல் வைத்தாள். டிரைவரின் அக்கா கொடுத்த படம். தக்காளிக் கூடையோடு நிற்கும் ஒரு பெண்.

"போன வாரம் இவங்களுக்கு முள்ளு எடுத்தீங்களா?"

நர்ஸ் படத்தைப் பார்த்தாள். சித்தப்பாவின் கையில் பஞ்சை வைத்து அழுத்தினாள். தேவைக்கு அதிக நேரம் அழுத்தினாள்.

"நீங்க யாரு? அவ வீட்டு ஆளுங்களா?"

"இல்ல. அவங்க வீட்டுக்காரர் லாக்கப்ல இருக்காரு. அவங்களைக் கொன்னதா."

நர்ஸ் உட்கார்ந்தாள். "லாரி டிரைவர் பொண்டாட்டியைக் கொன்னுட்டான்னு பேசிக்கிட்டாங்க. இந்தப் பொண்ணுன்னு எனக்குத் தெரியாது. ஆடு மேய்க்கறப்ப விழுந்துட்டேன்னு சொன்னா."

"நம்பினீங்களா?"

"ஆடு மேய்க்கறவங்ககிட்ட ஆட்டு வாசனை வரும். இவகிட்ட தக்காளி இலை வாசனை. கேக்கலை. காலைல கதவைத் திறக்கறப்ப வாசல்ல உக்காந்திருந்தா. கால்ல செருப்பு இல்ல. முள்ளு எடுத்து, ஊசி போட்டு, என் செருப்பைக் குடுத்து பஸ் ஏத்தி விட்டேன். நேத்து போன் பண்ணினா. செருப்பைத் திருப்பி அனுப்பறேன், விலாசம் சொல்லுங்கன்னு."

"எந்த ஊர்னு நான் கேக்கலை" என்றாள் முதலாளி. "அவங்க இன்ஸ்பெக்டர்கிட்ட ஒரு தடவை பேசினாப் போதும். முகத்தைக் காட்டிப் பேசணும். நாளைக் காலைக்குள்ள."

நர்ஸ் போனை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். கதவைச் சாத்திக்கொண்டாள். சுவரில் ஒரு கடிகாரம் ஓடாமல் நின்றிருந்தது. சித்தப்பா கையைத் தேய்த்துக்கொண்டார்.

"முதலாளி, செத்துப்போன ஒரு பொம்பளை, கடன் வாங்கின செருப்புக்காகக் கவலைப்படறா."

"அதான் கண்டுபிடிச்சோம்."

நர்ஸ் திரும்பி வந்தாள். "பேசறாளாம். இன்ஸ்பெக்டர்கிட்ட மட்டும். புருஷன் உள்ள இருக்காருன்னு அவளுக்குத் தெரியாது. நான்தான் சொன்னேன்." மேஜையில் பஞ்சுத் துணுக்கைத் தள்ளிவிட்டாள். "அப்புறம், ஆடு உள்ள வந்துச்சான்னு கேட்டா."

"வரலைன்னு சொல்லுங்க."

போலீஸ் ஸ்டேஷனில் இன்ஸ்பெக்டர் முதலில் சிரித்தார். முள்ளைப் பற்றிச் சொன்னபோதும் சிரித்தார். முதலாளியின் போனில் டிரைவர் மனைவியின் முகம் வந்ததும் சிரிப்பு நின்றது. போனோடு தன் அறைக்குள் போனார். முதலாளி லாக்கப் கம்பிக்கு அருகே ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டாள்.

டிரைவர் சுவரோரம் உட்கார்ந்திருந்தான். பெரிய ஆள். முட்டியைக் கட்டிக்கொண்டு, இருக்கும் இடத்தைக் குறைத்துக்கொண்டிருந்தான். வலது உள்ளங்கை வீங்கியிருந்தது.

"உங்க வீட்டுக்காரி உயிரோட இருக்காங்க" என்றாள்.

அவன் தலையை ஆட்டினான். பஸ் லேட் என்று சொன்னால் ஆட்டுவது போல.

சித்தப்பா முதலாளியைப் பார்த்தார். அவள் அவரைப் பார்க்கவில்லை.

"உங்களுக்குத் தெரியும்" என்றாள். "மொதல்லேருந்தே தெரியும்."

அவன் முட்டியை இன்னும் இறுக்கிக் கட்டிக்கொண்டான்.

"வேலியில ரெண்டு அடைப்பு இருக்கு. ஒண்ணு அவங்க வெளிய நின்னு இழுத்து அடைச்சது. இன்னொண்ணு உள்ள நின்னு நட்டது. நுனியைச் சாய்வாச் சீவி, ஆழமா ஊன்றி, தண்ணி ஊத்தி. வேலி அடைக்கறவன் அப்படிச் செய்யமாட்டான். அது வேர் பிடிக்கணும்னு நினைக்கறவன் செய்யற வேலை. அந்த வேலியே நீங்க வெச்சதுதானே? உங்க கையில இருக்கறது அவங்க நகக் கீறல் இல்ல. உள்ளங்கையில முனை ஒடிஞ்சு நிக்குது. எடுக்கலைன்னா வீங்கும்னு நர்ஸம்மா சொன்னாங்க."

அவன் உள்ளங்கையை மூடிக்கொண்டான்.

"ஒரே வழியை ரெண்டு பேரும் ரெண்டு பக்கத்துலேருந்து அடைச்சிருக்கீங்க. அவங்க ஆட்டுக்காக. நீங்க யாருக்காக?"

அவன் சுவரைப் பார்த்துப் பேசினான். குரல் காய்ந்திருந்தது.

"காலைல எழுந்து பாத்தேன். ஓட்டை தெரிஞ்சுது. அந்தப் பக்கத்துலேருந்து அடைச்சிருந்தா. என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலை. தக்காளிக்கு அடைச்சிட்டுப் போயிருக்கா."

"அதை இன்ஸ்பெக்டர்கிட்ட சொல்லியிருந்தா அன்னிக்கே விட்டிருப்பாரே."

"என்னன்னு சொல்றது? வேலிக்குள்ள நுழைஞ்சு, முள்ளெல்லாம் கிழிச்சு, அவ என்னை விட்டுப் போனான்னா?" முட்டியைப் பார்த்துச் சொன்னான். "கொன்னுட்டேன்னா ஊர் கொஞ்ச நாள் பேசும். பொண்டாட்டி போயிட்டான்னா நான் சாகறவரைக்கும் பேசும். மழை பேஞ்சு வேலியில இலை வர்றதுக்குள்ள நட்டது வேர் பிடிச்சிரும்னு நினைச்சேன். ஊத்தறதுக்கு ஆள் இல்லாமப் போச்சு."

"தூக்குல போட்டிருந்தா?"

"போடட்டும்னுதான் இருந்தேன்."

சித்தப்பாவின் முகத்தில் ஏதோ ஒரு நகைச்சுவை வந்து நின்று, வெளியே வராமல் திரும்பிப் போயிற்று.

இன்ஸ்பெக்டர் வெளியே வந்தார். போனை நீட்டினார். "அவதான். மச்சத்தைக் காட்டச் சொன்னேன், காட்டினா. எங்க இருக்கேன்னு மட்டும் சொல்லமாட்டேங்கறா."

"சொல்லணும்னு சட்டம் இல்லையே."

"சட்டம் இல்ல." சாவிக்கொத்தை எடுத்துக் கான்ஸ்டபிளிடம் கொடுத்தார். "ஒரு வாரமா இவன் சாப்பாட்டுச் செலவு எங்களோடது."

"முள்ளு எடுக்கற செலவு எங்களோடது, சார்" என்றார் சித்தப்பா. யாரும் சிரிக்கவில்லை. அவரும் சிரிக்கவில்லை.

முதலாளியும் சித்தப்பாவுமே அவனை வீட்டுக்குக் கொண்டுபோய் விட்டார்கள். எதிர் குடோன் காவலாளி நாற்காலியிலிருந்து எழுந்து நின்று பார்த்தான். பிறகு உட்கார்ந்தான். டிரைவரின் அக்கா கேட்டைத் திறந்தாள். தம்பியின் தோளைத் தொட்டாள். மேலே என்ன செய்வது என்று தெரியாமல் கையை எடுத்துக்கொண்டாள்.

"ஓடிப்போயிட்டாளாடா?" என்றாள்.

"போயிட்டா" என்றான். அந்தச் சொல்லைத் தெருவே கேட்க அவன் சொன்னது அதுதான் முதல் தடவை. ஒன்றும் ஆகவில்லை. காவலாளி பீடி பற்றவைத்தான்.

டிரைவர் கொல்லைக்குப் போனான். தக்காளிச் செடிகளைத் தாண்டி, பச்சை வராத இடத்தில் நின்றான். தான் நட்ட குச்சிகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கினான். முதலாளி திரும்ப ஊன்றிய குச்சியில் அந்த ஊசிமுனைப் பச்சை இன்னும் இருந்தது. அதையும் பிடுங்கினான். படுத்துக் கிடந்த செடியை முள்ளோடு பிடித்து உள்ளே இழுத்துப் போட்டான். மறுபக்கம் சாலை தெரிந்தது. பஸ் நிறுத்தம் தெரிந்தது. வேலியைத் தாண்ட இரண்டே எட்டு.

"ஆடு வந்துரும்டா" என்றாள் அக்கா.

அவன் கூரையடிக்கு வந்து, செங்கல் மேல் கிடந்த கதவைத் தூக்கினான். காய்ந்த பழங்கள் சரிந்து தரையில் உருண்டன.

"அஞ்சு வருஷமாக் கேட்டா" என்றான், யாரையும் பார்க்காமல். "பின்னாடி ஒரு கதவு வைங்க, பஸ்ஸுக்குப் பக்கம், ஆஸ்பத்திரிக்குப் பக்கம்னு. அவளே வாங்கிட்டு வந்தா. யாருக்குடி பின்வாசல்னு கேட்டேன்."

கதவை வேலி இடைவெளியில் நிறுத்திப் பார்த்தான். உயரம் சரியாக இருந்தது. அகலமும் சரியாக இருந்தது. ஒரு கையால் கதவைப் பிடித்துக்கொண்டு, அதன் கீலில் கட்டித் தொங்கிய துருப்பிடித்த ஒரு தாழ்ப்பாளை அவிழ்த்து எடுத்தான். கதவோடு சேர்த்து வாங்கியதாக இருக்கவேண்டும். அதைக் கதவின் இந்தப் பக்கம் வைத்துப் பார்த்தான். கதவைச் சுற்றிப் போய் அந்தப் பக்கம் வைத்துப் பார்த்தான்.

"அண்ணே" என்றான் சித்தப்பாவிடம். "தாழ்ப்பாளை எந்தப் பக்கம் வைக்கறது?"

சித்தப்பா பெயர்ந்து கிடந்த மண்ணைப் பார்த்தார். வாயைத் திறந்தார். பிறகு போய்க் கதவின் மறு ஓரத்தைப் பிடித்துக்கொண்டார்.

"மொதல்ல கதவை நிறுத்துவோம்" என்றார்.